ஏங்க என்று கூப்பிடக் கூடாத மலை

தோட்டத்து வரிசை வீடுகளான எங்கள் லயத்தில் புருஷனைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறவள் என் மனைவி பவளம் ஒருத்திதான். "முத்தையா, தண்ணி சுட்டிருச்சு, குளிக்க வாங்க" என்பாள். பேரையும் சொல்லி, மரியாதையும் விடாமல் அவள் கூப்பிடுவதைக் கேட்டு லயத்துக்கே சிரிப்பு. போன வாரம் இழுவைக் காவலில் புதிதாகச் சேர்ந்த மூன்று பேர் என்னைப் பார்க்க வந்திருந்தபோதும் அதே கூத்துதான். அவர்களில் ஒருவர் சிரித்து முடித்துவிட்டுக் கேட்டார், "எல்லைக் கல்லுப் பலகையில, ஏங்கன்னு யாரையும் கூப்பிடக் கூடாதுன்னு எழுதியிருக்கே, அது என்னாங்க சட்டம்? யாரு போட்டது?"

அந்தச் சட்டத்துக்கும் பவளம் பேர் சொல்லிக் கூப்பிடுவதற்கும் ஒரே பதில்தான். ஆனால் அதை இஸ்தோப்புத் திண்ணையில் உட்கார்ந்து தேத்தண்ணீர் குடிக்கிற நேரத்தில் சொல்லி முடிக்க முடியாது. அதனால் எழுதுகிறேன்.

வெளி மாவட்டத்துக்காரர்களுக்கு இழுவை என்றால் தெரியாது. கம்பிக்குள் கரண்ட் ஓடுகிற மாதிரி எங்கள் மலைகளுக்குள் ஓடுகிற ஒரு சக்தி அது. இலங்கையில் எங்கள் சப்ரகமுவ மாகாணத்து மண்ணில் மட்டும்தான் உண்டு. நிவித்திகலப் பக்கம் மாணிக்கக் குழிக்குள் இழுவை வந்தால் விளக்குச் சுடர் கீழ்நோக்கி எரியுமாம். புளத்கொகுபிட்டியவுக்கு மேலே இருக்கிற எங்கள் தோட்டத்தில் அது ரப்பர் மரத்தில் தெரியும். வெட்டின காயத்தில் பால் வழிந்து சிரட்டையில் விழுவதுதானே முறை? இழுவை வந்தால் வழிகிற பால் பாதியில் நின்றுவிடும். கொஞ்ச நேரம் யோசிப்பது போல நிற்கும். பிறகு மரத்தில் மேல்நோக்கி ஏற ஆரம்பிக்கும்.

அதை முதலில் காண்கிறவர் சத்தம் போடக் கூடாது. பால் வாளியை வெட்டுக் கத்தியால் இரண்டு தட்டு தட்ட வேண்டும். கேட்கிறவர்கள் ஆளுக்கு இரண்டு தட்டு தட்டிவிட்டு, வேலையை அப்படியே போட்டுவிட்டு எல்லைக் கல்லுக்கு இறங்கிவிட வேண்டும். யாரும் யாரையும் வாய்விட்டுக் கூப்பிடக் கூடாது. ஏனென்றால் இழுவை ஓடும் நேரத்தில் மலைக்கு இருக்கிறவர் யார், போய்ச் சேர்ந்தவர் யார் என்ற கணக்குத் தவறிவிடும். கூப்பிட்ட பேருக்கு உரியவர் செத்திருந்தால் வந்து நிற்பார். உயிரோடு இருந்தால் வரமாட்டார், ஆனால் எங்கே இருந்தாலும் அந்தக் குரல் அவர் காதில் விழும். இது எங்கள் பெரியவர்கள் காலத்திலிருந்து எல்லோருக்கும் தெரிந்த விஷயம்தான்.

தோட்டங்கள் கம்பெனிகளின் கைக்குப் போன வருடம் நான் பால் வெட்டிலிருந்து இழுவைக் காவலுக்கு மாறினேன். பயிற்சி என்று பெரிதாக ஒன்றும் இல்லை. பாதையில் ஒரே பலா மரத்தை மூன்று தடவை கடந்தால் பதறாமல் நடக்க வேண்டும், வந்தது எதுவாக இருந்தாலும் பதில் பேசக் கூடாது, தொடக் கூடாது, வழியில் நிற்காமல் தரையில் குந்திவிட வேண்டும். அவ்வளவுதான். மிச்சத்தை அந்தோனி கற்றுக்கொடுத்துவிட்டுப் போனான்.

அந்தோனி தோட்டத்தின் மேல் பிரிவில், மேல்கணக்கில், பால் வெட்டுகிறவன். அவனுடைய நாய் மணி லொறியில் அடிபட்டுச் செத்து, அவன் கையாலேயே புதைத்திருந்தான். ஒரு நாள் இழுவை வந்து எல்லோரும் இறங்கிக்கொண்டிருக்கிறோம். அவனுக்கு மட்டும் என்ன நினைப்போ, "மணி" என்று கூப்பிட்டு விசில் அடித்துவிட்டான். வேண்டுமென்று செய்யவில்லை, தினமும் வேலை விட்டு இறங்கும்போது செய்கிற பழக்கம். நாய் வந்தது. முதுகு ரோமத்தில் செம்மண் அப்பியிருந்தது, வாலை ஆட்டிக்கொண்டே வந்தது. அவன் குனிந்து தலையைத் தடவினான். நாய் திரும்பி மரங்களுக்குள் நடந்தது, அவனும் பின்னாலேயே நடந்தான். மூன்றாவது வரிசை மரம் வரைக்கும் இரண்டு முதுகும் தெரிந்தன. அதற்குப் பிறகு அந்தோனியைத் தேடாத இடமில்லை.

என் மேலதிகாரி குணதாச மாத்தயா, நம் பேச்சில் சொன்னால் குணதாச ஐயா. அரநாயக்கக்காரர், சிங்களவர், தமிழ் நம்மைப் போலவே பேசுவார், அவசரம் வந்தால் மட்டும் சிங்களம் கலக்கும். அவருக்குக் கீழே வேலை பார்த்த காலம் முழுக்க அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. எல்லைக் கல்லில் அவருக்கென்று ஒரு முறை இருந்தது. மலைக்குள் போகிற ஒவ்வொருவரும் கல்லின் மேல் கை வைத்துத் தன் பேரைத் தானே ஒரு தடவை உரக்கச் சொல்ல வேண்டும். "பேரை இங்க விட்டுட்டுப் போ" என்பார். திரும்பி வரும்போது, இழுவை எட்டாத கல்லுக்கு வெளிப்பக்கம் நின்று அவர் ஒவ்வொரு பேராகக் கூப்பிடுவார். "இருக்கேன்" என்று பதில் சொன்னால்தான் கல்லைத் தாண்டலாம். அவர் அந்தப் பேர்களைக் கூப்பிடுகிற விதம் எனக்குப் பிடிக்கும். அதிகாரி ஆள் கூப்பிடுகிற மாதிரி இருக்காது, பத்திரமாக வைத்திருந்த சாமானைத் திருப்பிக் கொடுக்கிற மாதிரி இருக்கும். எங்களை அனுப்பிவிட்டு வெற்றிலைப் பையைத் திறப்பார், கடைசி ஆள் வந்து சேரும் வரைக்கும் அதை வாயில் போடமாட்டார்.

இனி ராஜேஸ்வரி கதைக்கு வருகிறேன்.

எங்கள் லயத்தில் எனக்கு அடுத்த காம்பரா அவளுடையது. மேல்கணக்கில் பால் வெட்டுகிறவள், என்னை அண்ணே என்பாள். அவள் புருஷன் முருகேசு கொழும்பில் ஒரு கடையில் வேலை செய்தவன். யுத்தம் மும்முரமாக இருந்த தொண்ணூறுகளின் நடுவில் ஒரு சுற்றிவளைப்பில் பிடித்துக்கொண்டு போனார்கள் என்று கடைக்காரர் சொல்லி அனுப்பினார். அதோடு சரி. எந்த இடத்தில் கேட்டாலும் அப்படி ஓர் ஆள் எங்களிடம் இல்லை என்றார்கள்.

பொலிசில் முறைப்பாடு கொடுக்க நான்தான் கூடப் போனேன். அங்கே இருந்தவர் கேட்டார், "புருஷன் பேரு?" அவள் என்னைப் பார்த்தாள். அவர் மறுபடியும் கேட்டார். அவள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு, "அண்ணே, சொல்லுங்கண்ணே" என்றாள். நான்தான் முருகேசு என்றேன். அவருக்கு ஆச்சரியம், புருஷன் பேர் தெரியாத பொம்பளையா என்று. தெரியாமல் இல்லை. எங்கள் பெண்கள் சொல்லமாட்டார்கள், சொன்னால் அவன் ஆயுசு குறையும் என்று ஒரு நம்பிக்கை. ராஜேஸ்வரி அதில் ஒரு படி மேல். கோயிலில்கூட முருகா என்று கும்பிடமாட்டாள், வேலா என்றுதான் சொல்வாள்.

வருடங்கள் போயின. முருகேசுவின் அண்ணன் பொறுத்துப் பார்த்துவிட்டு ஒரு நாள் பெரியவர்களைக் கூட்டிக்கொண்டு வந்தார். கெட்ட மனுஷன் இல்லை. "இருந்தா ஒரு சேதி வராம இருக்குமா? ஆத்மா அலையக் கூடாது பாருங்க. வர்ற அமாவாசைக்குக் காரியத்தை முடிச்சிருவோம்" என்றார். காரியம் முடித்தால் தாலி இறங்க வேண்டும், பொட்டு அழிய வேண்டும். ராஜேஸ்வரி கதவுக்குப் பின்னால் நின்று எல்லாவற்றையும் கேட்டாள். கடைசியில் ஒன்றுதான் சொன்னாள். "அமாவாசைக்குள்ள தெரிஞ்சிக்கிட்டுச் சொல்றேன்."

என்ன தெரிந்துகொள்ளப் போகிறாள், எப்படித் தெரிந்துகொள்ளப் போகிறாள் என்று எங்களில் ஒருவருக்கும் அப்போது உறைக்கவில்லை.

இரண்டு நாள் மழை விட்டு, வெயில் வந்த காலை. மேல்கணக்கில் பால் ஏற ஆரம்பித்தது. வாளிகள் தட்டுகிற சத்தம் மலை முழுக்கக் கேட்டது. ஆட்கள் வரிசையாக இறங்கி வந்தார்கள். குணதாச மாத்தயா கல்லுக்குப் பக்கத்தில் நின்று ஒவ்வொரு பேராகக் கூப்பிட்டார். "ராஜேஸ்வரி" என்றார். பதில் இல்லை. இன்னொரு தடவை அதே குரலில் கூப்பிட்டார். பின்னால் நின்ற பெண்களில் ஒருத்தி தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள், "அவ வரலீங்க. புருஷனக் கூப்பிடப் போறேன்னு நின்னுட்டா."

அந்தோனியின் முதுகு கண்ணுக்கு முன்னால் வந்தது. முருகேசு செத்திருந்தால் வருவான். வந்தால் அவள் தொடாமல் இருப்பாளா? பின்னாலேயே போய்விடுவாள். குணதாச மாத்தயா கைக்கடிகாரத்தைக் கழற்றிக் கல்லின் மேல் வைத்தார். அவர் பேரைச் சொன்னார், நான் என் பேரைச் சொன்னேன், உள்ளே போனோம். நான் ஓடப் பார்த்தேன். "ஹெமின், ஹெமின்" என்று என் தோளைப் பிடித்தார். மெதுவாக என்று அர்த்தம். இழுவையில் ஓடினால் பாதை நீளும்.

மரத்துக்கு மரம் பால் வெள்ளைக் கோடாக மேலே ஏறிக்கொண்டிருந்தது. பறவைச் சத்தம் இல்லை, காற்றும் இல்லை. பால் நிறுக்கிற மடுவக் கொட்டகைக்குப் பக்கத்தில் இருந்த பாறையில் அவள் நின்றிருந்தாள். முகம் கழுவி, பெரிதாகப் பொட்டு வைத்திருந்தாள். எங்களைப் பார்த்தாள். நாங்கள் கிட்டே வருவதற்குள் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்திருப்பாள். மரங்களைப் பார்த்துத் திரும்பி, வாயைத் திறந்து கூப்பிட்டாள்.

"ஏங்க."

பேரைச் சொல்லத்தான் வந்தாளாம். "நாக்கு நுனி வரைக்கும் வந்துச்சுண்ணே, பழக்கம் முந்திக்கிச்சு" என்று பிறகு சொன்னாள். முந்தியது பழக்கம் மட்டும் இல்லை. அந்த மலையில் எங்கள் ஆட்கள் வந்து இறங்கிய காலத்திலிருந்து எத்தனை பெண்கள், எத்தனை வாசலில் நின்று, எத்தனை புருஷன்மாரை அந்த ஒரு சொல்லால் கூப்பிட்டிருப்பார்கள்? மலைக்கு யாரென்று தெரியும்?

முதலில் ஒரு மரத்துக்குப் பின்னாலிருந்து ஒருவர் வந்தார். தலையில் கம்பளி போட்டிருந்தார், அந்தக் காலத்து ஆள். அடுத்த வரிசையில் இரண்டு பேர். அதற்கு மேலே, பார்க்கப் பார்க்க, ஒவ்வொரு மர இடுக்கிலும் ஆட்கள். கோவணத்தோடு சிலர், சாரத்தோடு சிலர், ஒருவர் கையில் பாதி குடித்த பீடி. ஈரக் கம்பளி வாடையும் மண் வாடையும் முன்னால் வந்தன. ஒரு காலடிச் சத்தமும் இல்லை. யாரும் பயமுறுத்துகிற மாதிரி வரவில்லை. எல்லோருடைய முகத்திலும் ஒரே மாதிரி, சாப்பிடக் கூப்பிட்டதும் எழுந்து வருகிற ஆம்பிளையின் சாதாரண முகம். கை கழுவின ஈரத்தை வேட்டியில் துடைத்துக்கொண்டே ஒருவர் வந்தார். இன்றைக்கும் என்னைத் தூக்கத்தில் எழுப்புவது அந்த முகங்கள்தான். பயங்கரமாக வந்திருந்தால்கூட மறந்திருப்பேன்.

குணதாச மாத்தயா என்னைத் தரையில் இழுத்து உட்கார வைத்தார். அவர் பக்கம் யாரும் திரும்பவில்லை. "இது ஒங்க ஆளுங்க முத்தையா. எப்பா, பேச எப்பா" என்று காதோடு சொன்னார். வேண்டாம், பேசவே வேண்டாம் என்கிறார். ஏன் சொன்னார் என்று அடுத்த நிமிடம் தெரிந்தது. கூட்டத்தில் என் அப்பா வந்தார்.

இடது தோள் இறங்கின நடை. எனக்கு ஒரு முழத் தூரத்தில் கடந்து போனார். என்னைப் பார்க்கவில்லை, கூப்பிட்டவளைத் தேடிக்கொண்டே போனார். அப்பா என்று கூப்பிடவில்லை. மண்ணைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அவர்கள் பாறையைச் சுற்றி வந்துவிட்டார்கள். ராஜேஸ்வரி ஒவ்வொரு முகமாகப் பார்க்கிறாள். கூட்டம் பெருகப் பெருக முகங்கள் ஒன்றோடொன்று குழம்புகின்றன. தட்டு வாங்குகிற மாதிரி ஒரு கை அவள் பக்கம் நீண்டது. குணதாச மாத்தயா உட்கார்ந்த இடத்திலிருந்தே பேசினார், கல்லில் பேர் கூப்பிடுகிற அதே குரலில்.

"துவே, மகளே, நீ கூப்பிட்டது எல்லாருக்கும் கேட்டிருச்சு. நம சொல்லு, அவரு பேரு. பேரைச் சொன்னா மத்தவங்க போயிருவாங்க."

"அவரு நின்னுட்டாருன்னா?"

"நின்னா, இறந்தவரு. தொடக் கூடாது. நாங்க ரெண்டு பேரும் ஒன்னைப் பிடிச்சுக்குவோம்."

பேரைச் சொன்னால் தெரிந்துவிடும். தெரியாத வரைக்கும்தான் அவன் அவளுக்கு உயிரோடு இருக்கிறான். நீண்ட கை தாலிக் கயிற்றுக்குக் கிட்டே வந்துவிட்டது. அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

"முருகேசு" என்றாள்.

மரங்களில் ஏறியிருந்த பால் அத்தனையும் ஒரே நேரத்தில் இறங்கியது. சிரட்டைகளில் பால் விழும் சத்தம் மலை முழுக்க மழை மாதிரிக் கேட்டது. அவள் கண்ணைத் திறந்தபோது பாறையைச் சுற்றி ஒருவரும் இல்லை. எங்கேயோ ஒரு செண்பகப் பறவை கத்தியது.

"வரலையே அண்ணே?"

"வரலம்மா."

அவள் பாறையிலேயே உட்கார்ந்து அழுதாள். நான் பார்த்த அழுகைகளில் சந்தோஷமான அழுகை அது ஒன்றுதான். கல்லுக்கு வந்ததும் குணதாச மாத்தயா அவள் பேரைக் கூப்பிட்டார். "இருக்கேன்" என்றாள். அமாவாசைக் காரியம் நின்றது. முருகேசுவின் அண்ணனே முதல் ஆளாகப் போய்க் கோயிலில் தேங்காய் உடைத்தார்.

அன்று சாயங்காலம் என் அம்மாவிடம், அப்பாவைப் பார்த்ததைச் சொன்னேன். அம்மா ஊதுகுழலைக் கையில் எடுத்தார். பிறகு, "யாரோ ஒருத்தி கூப்பிட்டதுக்கு வந்தாரா?" என்று கேட்டார். "நான் கூப்பிட்டு ஒரு நாளும் ஒரு தடவையில வந்ததில்ல." அடுப்பை ஊதப் போய்விட்டார். வெகு நேரம் ஊதிக்கொண்டிருந்தார்.

ஆனால் எனக்கு அந்த நாள் அங்கே முடியவில்லை. மறுநாள், ஏங்க என்று கூப்பிடக் கூடாது என்ற புதுச் சட்டத்தைப் பலகையில் எழுதி மாட்டிவிட்டு இறங்கும்போது குணதாச மாத்தயா சொன்னார், "முத்தையா, அவ பேரு சொன்னதும் பால் இறங்கினதும் ஒண்ணா நடந்திச்சு. பேரு சொன்னதால போனாங்களா, இழுவை விட்டதால போனாங்களா? எனக்குத் தெரியாது. இழுவை முதல்ல விட்டிருந்தா, அவன் செத்திருந்தாலும் வந்திருக்க மாட்டான்." வெற்றிலையைத் துப்பினார். "அவகிட்ட சொல்ல வேணாம்."

நான் சொல்லவில்லை. ஆனால் ஒவ்வொரு நாள் காலையும் அவள் பொட்டு வைத்துக்கொண்டு வாளியைத் தூக்கிக்கொண்டு என் வாசலைக் கடக்கும்போது, அந்தச் சந்தேகம் என் நெஞ்சில் முள்ளாகக் குத்தும். அவள் நம்பியது பொய்யாக இருந்தால் அவளை நாங்கள் என்ன செய்துவைத்திருக்கிறோம் என்று நினைப்பேன்.

சமாதானப் பேச்சு நடந்த காலத்தில் சிலரை விடுதலை செய்தார்கள். ஒரு பகல் நேரம், புளத்கொகுபிட்டிய பஸ்ஸிலிருந்து ஒருவர் இறங்கி, ஒரு காலை இழுத்துக்கொண்டு எங்கள் லயத்துக்கு ஏறி வந்தார். முன்பல் இல்லை, தலை முழுக்க நரை. முருகேசுதான் என்று நாய்க்குக்கூடத் தெரியவில்லை. ராஜேஸ்வரிக்குத் தெரிந்தது.

கூட்டமெல்லாம் கலைந்த பிறகு நான் அவன் காம்பராவில் உட்கார்ந்திருந்தேன். அவன் அதிகம் பேசவில்லை. பட்ட அடிகளைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஒரு விஷயத்தை மட்டும் தானாகவே சொன்னான்.

"ஒரு நாளு காலையில, தண்ணிக்கு வரிசையில நிக்கிறேன் அண்ணே. அங்க யாருக்கும் பேரு கெடையாது, நம்பர்தான். எம்பேரே எனக்கு மறந்துபோற மாதிரி இருந்துச்சு. சாவுறதுக்கு ஒரு வழியும் யோசிச்சு வச்சிருந்தேன். திடீர்னு முதுகுக்குப் பின்னால ஒரு பொம்பளக் குரல், முருகேசுன்னு கூப்பிட்டுச்சு. திரும்பிப் பாத்தா யாரும் இல்ல. நம்ம பேரச் சொல்ல ஒரு ஆளு இருக்குன்னு அன்னைக்கு அந்த நெனப்ப விட்டுட்டேன். ஆனா யாருன்னுதான் புடிபடல. அம்மா குரல் இல்ல. அக்கா குரலும் இல்ல. தெரிஞ்ச குரல் மாதிரியும் இருந்துச்சு, கேக்காத குரல் மாதிரியும் இருந்துச்சு. இத்தன வருசமா யோசிக்கிறேன்."

ராஜேஸ்வரி தேத்தண்ணீரோடு அவனுக்குப் பின்னால் நின்றிருந்தாள். நான் அவளைப் பார்த்தேன். அவள் தம்ளரைக் கீழே வைத்தாள். அவன் முதுகைப் பார்த்துக்கொண்டு, மெதுவாக, ஒரே ஒரு தடவை சொன்னாள்.

"முருகேசு."

அவன் உடனே திரும்பவில்லை. இரண்டு கையாலும் முழங்காலைப் பிடித்துக்கொண்டு அப்படியே இருந்தான். தோள்கள் குலுங்க ஆரம்பித்தபோது நான் எழுந்து வெளியே வந்துவிட்டேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அரநாயக்கவுக்குப் பஸ் ஏறினேன். குணதாச மாத்தயா அப்போது உடம்பு முடியாமல் வீட்டோடு இருந்தார். முருகேசு சொன்னதை அப்படியே சொன்னேன். கண்ணை மூடிக் கேட்டார். "ஹரி" என்றார். சரி என்று அர்த்தம். பிறகு மகளைக் கூப்பிட்டு வெற்றிலைப் பையைக் கொண்டுவரச் சொன்னார்.

திரும்பி வரும் வழியெல்லாம் எனக்கு ஒரே யோசனை. பவளத்தைக் கட்டி இருபது வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. அவள் வாயிலிருந்து என் பேர் எப்படி வரும் என்று எனக்குத் தெரியாது. வீட்டுக்கு வந்ததும் சொன்னேன், இனிமேல் என்னைப் பேர் சொல்லித்தான் கூப்பிட வேண்டும் என்று. பைத்தியமா என்று கேட்டாள். பத்து நாள் பேசவே இல்லை. பிறகு ஒரு சாயங்காலம், கொல்லையில் யாரும் இல்லாத நேரமாகப் பார்த்து, கோழிக்கூட்டைப் பார்த்துச் சொல்லிப் பழகிக்கொண்டிருந்தாள். எனக்குக் கேட்டுவிட்டது என்று அவளுக்குத் தெரியாது.

இப்போது சத்தமாகவே கூப்பிடுகிறாள். லயம் சிரிக்கிறது. சிரிக்கட்டும். நாளைக்கு நான் எங்கே இருந்தாலும், எந்தப் பக்கத்தில் இருந்தாலும், அந்தக் குரல் கேட்டால் யாருடையது என்று யோசித்துக்கொண்டு நிற்கமாட்டேன்.